கொடைக்கானலின் தெற்குப் பாறை விளிம்பைப் படிக்கப் போகிறீர்களா? முதல்முறை செல்பவர்களுக்கு ஒரு வழிகாட்டி

கோக்கர்ஸ் வாக், பசுமைப் பள்ளத்தாக்கு, தூண் பாறை, வட்டக்கானல், டால்பின் நோஸ். சுற்றுலாப் பட்டியலில் இவை ஐந்து இடங்கள். கல்லையும் செடியையும் பார்க்க வருபவருக்கு ஒரே பாறைச் செங்குத்தின் ஐந்து சன்னல்கள். மேலே 2,000 மீட்டரைத் தாண்டிய பீடபூமி. கீழே 300 மீட்டரை ஒட்டிய பெரியகுளம் சமவெளி. வட்டக்கானலிலிருந்து பெரியகுளத்துக்கு நேர்கோட்டில் பன்னிரண்டு கி.மீ. அளவுதான் இருக்கும், சாலையில் சுற்றிப் போனால் அதைப்போல் ஐந்து மடங்குக்கு மேல்.

நிலவியல், தாவரவியல் படிக்கும் மாணவர்களும் ஆர்வத்தால் வருகிறவர்களும் பெரும்பாலும் ஒரே மாதிரி ஏமாந்து திரும்புகிறார்கள். பதினோரு மணிக்குப் போய் மூடுபனியைப் படம் எடுக்கிறார்கள், அல்லது தவறான அனுமதிக் கடிதத்தோடு வனத்துறை வாயிலில் நிற்கிறார்கள். கீழே உள்ள வரிசையில் போனால் இரண்டரை நாளில், கயிறு கட்டி இறங்காமல், கல்லில் சுத்தியல் படாமல், இந்த விளிம்பின் அமைப்பை நன்றாகவே புரிந்துகொள்ளலாம். எல்லா இடத்திலும் கையில் பிடித்துக்கொள்ள வேண்டிய நூலிழை ஒன்றுதான்: பாறையின் விரிசல். கல் எங்கே விழும், தண்ணீர் எங்கே வரும், எந்தச் செடி எங்கே நிற்கும் என்ற மூன்றுக்கும் பதில் அதில் இருக்கிறது.

1. மாதத்தை முதலில் முடிவு செய்யுங்கள்

பாறையின் முகம் தெளிவாகத் தெரிய ஜனவரி, பிப்ரவரிதான் சரியான காலம். வானம் தெளிந்திருக்கும், விரிசலில் கசிவு இன்னும் வற்றியிருக்காது, காட்டுப்பூவரசு (ரோடோடென்ட்ரான் மரம்) சிவப்பாகப் பூக்கத் தொடங்கியிருக்கும். விடியற்காலையில் புல்வெளியில் உறைபனி இருக்கலாம். கம்பளி இல்லாமல் வந்தால் குறிப்பெடுக்க விரல் வளையாது.

பாறைச் செடிகளுக்காக மட்டும் வருகிறீர்கள் என்றால் ஆகஸ்ட், செப்டம்பர். ஈரப் பாறையில் காட்டுக் காசித்தும்பைகளையும் பூச்சி பிடிக்கும் அழுகண்ணியையும் அப்போதுதான் பார்க்க முடியும். விளிம்புக் காட்சி கிடைப்பது அதிர்ஷ்டம். அக்டோபர் நடுவிலிருந்து டிசம்பர் வரை வடகிழக்குப் பருவமழை. மலைச்சாலையில் மண் சரிந்து போக்குவரத்து நிற்பது அந்த மாதங்களில்தான், அதனால் திரும்பும் ரயிலை அன்றே பிடிக்கும்படி முன்பதிவு செய்யாதீர்கள்.

ஏப்ரல், மே வேண்டாம். கூட்டமும் அறை வாடகையும் உச்சத்தில் இருக்கும், காட்டுத்தீப் புகையால் பள்ளத்தாக்கு மங்கிக் கிடக்கும்.

குறிஞ்சிக்காக வர நினைப்பவர்களுக்கு: பன்னிரண்டு ஆண்டுக்கு ஒருமுறை பூக்கும் நீலக்குறிஞ்சி 2006-லும் 2018-லும் பூத்தது. அடுத்தது 2030. இடைப்பட்ட ஆண்டுகளில் கடைக்காரர் காட்டும் நீலப்பூ அந்தக் குடும்பத்தின் வேறு இனமாக இருக்கும், அல்லது கூட்டத்தோடு சேராமல் தனியாகப் பூத்த ஒன்றிரண்டு செடியாக இருக்கும்.

2. இ-பாஸ், வரைபடம், வன அனுமதி: மூன்றும் தனித்தனி வேலை

*இ-பாஸ்.* சென்னை உயர் நீதிமன்ற உத்தரவின்படி 2024 மே 7 முதல் நீலகிரிக்கும் கொடைக்கானலுக்கும் வண்டியில் வருபவர்கள் இணையத்தில் இ-பாஸ் எடுக்க வேண்டும். கட்டணம் கிடையாது. கைப்பேசி எண், வண்டி எண், ஆட்களின் எண்ணிக்கை, வரும் நாள், திரும்பும் நாள், தங்கும் இடம் ஆகியவற்றைக் கேட்பார்கள். அரசுப் பேருந்தில் வருபவர்களுக்குத் தேவையில்லை. 2025-இல் ஏப்ரல் தொடக்கத்திலிருந்து ஜூன் முடிய, கொடைக்கானலுக்கு வார நாட்களில் 4,000 வண்டி, சனி ஞாயிறில் 6,000 வண்டி என்று உச்சவரம்பும் வைத்தார்கள். ஆகவே கோடையில் கல்லூரி வேனில் வருவதாக இருந்தால் நாள் முடிவானதுமே பாஸை எடுத்துவிடுங்கள். அடிக்கடி நடக்கும் தவறு: முதலில் ஒரு வண்டி எண்ணைக் கொடுத்துவிட்டு, கடைசி நேரத்தில் டிராவல்ஸ்காரர் வேறு வண்டி அனுப்புவது. பாஸில் உள்ள எண்ணும் நம்பர் பிளேட்டும் ஒத்துப்போகாவிட்டால் சோதனைச் சாவடியில் ஓரமாக நிறுத்தி, மலையில் கிடைக்கும் கைப்பேசி சிக்னலை வைத்து மறுபடி பதிவு செய்ய வேண்டியிருக்கும். பாஸை ஸ்கிரீன்ஷாட் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

*வரைபடம்.* இந்திய நில அளவைத் துறையின் பழைய எண் வரிசையில் இந்த விளிம்பு 58எஃப்/8 தாளில் வருகிறது. கிழக்கே மலைச்சாலைப் பக்கத்துக்கு 58எஃப்/12. அதே துறையின் புதிய திறந்த வரிசை (ஓபன் சீரிஸ்) வரைபடங்களில் தாள் எண் வேறு மாதிரி இருக்கும். குழம்பாமல் அட்சரேகை 10°–10°15′, தீர்க்கரேகை 77°15′–77°30′ என்று தேடுங்கள். கொடைக்கானல் நகரம் இந்தத் தாளின் வடகிழக்கு மூலையில் ஒட்டிக்கொண்டிருப்பதால் ஒரு தாளை மட்டும் இறக்கினால் பாதிதான் கிடைக்கும். நிலவியல் வரைபடத்துக்கு இந்தியப் புவியியல் ஆய்வுத் துறையின் ‘பூகோஷ்’ இணையதளம் இருக்கிறது. பதிவு செய்துகொண்டால் இலவசம். வீட்டிலேயே இறக்கி, அச்சிட்டு வாருங்கள். வட்டக்கானலில் சிக்னலை நம்பக்கூடாது.

*வன அனுமதி.* அதிகம் பேர் தடுக்கி விழுவது இங்கேதான். இந்த விளிம்பின் காடுகள் 2013-இல் அறிவிக்கப்பட்ட கொடைக்கானல் வனவிலங்கு சரணாலயத்தைச் சேர்ந்தவை; பரப்பு சுமார் 609 சதுர கி.மீ. நீங்கள் செய்யப்போவது என்ன என்பதைப் பொறுத்து வழி மூன்றாகப் பிரிகிறது.

பொதுமக்களுக்குத் திறந்த காட்சிமுனைகளில் நின்று பார்ப்பது, படம் எடுப்பது, குறிப்பெடுப்பது: நுழைவுச் சீட்டு போதும். இந்தக் கட்டுரையில் சொல்வது முழுக்க இந்த வகைதான்.

காட்டுக்குள் நடைபயணம்: தமிழ்நாடு அரசு 2024 அக்டோபரில் தொடங்கிய ‘ட்ரெக் தமிழ்நாடு’ இணையதளத்தில் பட்டியலிட்ட பாதைகளில் மட்டும், அங்கே முன்பதிவு செய்து, வழிகாட்டியோடு. பிப்ரவரி நடுவிலிருந்து ஏப்ரல் நடுவரை காட்டுத்தீக் காலம் என்று நடைபயணத்தை நிறுத்திவைப்பார்கள். 2018 மார்ச் 11 அன்று குரங்கணித் தீயில் இருபதுக்கும் மேற்பட்டோர் இறந்த பிறகு இந்த விதிகள் இறுகின. வட்டக்கானல் டீக்கடை அருகே, “வெள்ளகெவி வழியா கும்பக்கரைக்கு இறக்கிவிடறேன், பர்மிஷன் எல்லாம் வேண்டாம்” என்று யாராவது சொன்னால் போகாதீர்கள். பிடிபட்டால் வழக்கு உங்கள் பெயரில்தான்.

ஆய்வு: இலை ஒன்றைப் பறித்தாலும், கட்டம் போட்டுச் செடி எண்ணினாலும், கல் மாதிரி எடுத்தாலும் இந்த வகையில் சேரும். வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் 1972-இன் 28-ஆம் பிரிவின்கீழ் முதன்மை வன உயிரினக் காப்பாளரிடம் அனுமதி பெற வேண்டும். அந்த அலுவலகம் சென்னையில். கொடைக்கானல் வனக்கோட்ட அலுவலகத்தில் நேரடியாக மனு கொடுத்துவிட்டுக் காத்திருப்பவர்கள் மாதக்கணக்கில் நாளை இழக்கிறார்கள். மனு சென்னைக்கு, நகல் கோட்ட அலுவலகத்துக்கு. குறைந்தது மூன்று மாத அவகாசம் வைத்துக்கொள்ளுங்கள். இணைக்க வேண்டியவை: கல்வி நிறுவனத்தின் கடிதம், இரண்டு மூன்று பக்க ஆய்வுத் திட்டம், வருகிற ஒவ்வொருவரின் அடையாள அட்டை நகல், இடங்களின் அட்சரேகை தீர்க்கரேகைப் பட்டியல், நாட்கள், எந்த இனத்தில் எத்தனை மாதிரி, முடிவில் அறிக்கை தருவதாக உறுதிமொழி. “தேவைப்படும் மாதிரிகள்” என்று பொதுவாக எழுதினால் மனு கேள்வியோடு திரும்பும். “ஒவ்வொரு இனத்திலும் பூவுடன் இரண்டு கிளை” என்று எண்ணிக்கையோடு எழுதுங்கள்.

ட்ரோனைக் கொண்டுவராதீர்கள். சட்டச் சிக்கல் ஒருபுறம் இருக்கட்டும், செங்குத்தில் கூடு வைக்கும் பைரி என்ற வேட்டைப் பறவையும் தொங்கும் மலைத்தேனீக் கூடுகளும் அதே காற்றில்தான் இருக்கின்றன.

3. பையில் இருக்க வேண்டியவை

பத்து மடங்கு கைலென்ஸ் (சில நூறு ரூபாய்க்கு நல்லதே கிடைக்கும், நாற்பது மடங்கு என்று விற்கும் மலிவு லென்ஸ் பயன்படாது, பார்வைப்பரப்பு மிளகளவுதான் இருக்கும்), திசைகாட்டி, சாய்மானி (சாய்வுக் கோணம் அளக்கும் கருவி), 15 செ.மீ. ஸ்கேல், பென்சில், தடித்த அட்டைக் குறிப்பேடு, பைனாகுலர். பேனா மை பனியில் கரையும். ஜூன் முதல் டிசம்பர் வரை அட்டைப்பூச்சிக்கு நீளக் காலுறையும் ஒரு பொட்டலம் உப்பும்.

தண்ணீரை ஸ்டீல் குடுவையில் கொண்டுவாருங்கள். ஐந்து லிட்டருக்குக் குறைந்த பிளாஸ்டிக் தண்ணீர், குளிர்பான பாட்டில்களுக்குக் கொடைக்கானலில் தடை. வைத்திருந்தால் பாட்டிலுக்கு 20 ரூபாய் பசுமை வரி என்று 2024-இல் அறிவித்தார்கள்.

சுத்தியலை வீட்டிலேயே வைத்துவிடுங்கள்.

4. மலைச்சாலையிலேயே பாடத்தைத் தொடங்குங்கள்

வத்தலக்குண்டு வழியாக ஏறுங்கள். அடிவாரத்தில் கெங்குவார்பட்டியைத் தாண்டும்போதே ஒன்றைக் குறித்துக்கொள்ளலாம். இந்த ஊரின் பாறைகளிலும் மேலே பெருமாள்மலைப் பாறைகளிலும் சஃபிரின் என்ற அரிய கனிமம் கிடைத்திருக்கிறது. மிக அதிக வெப்பத்தில் பாறை உருமாறியதற்கு அது அடையாளம். கொடைக்கானல் மலைப்பிண்டம் முழுவதும் பூமிக்குள் ஏறக்குறைய 30 கி.மீ. ஆழத்தில் வெந்து உருமாறிய கல். அந்த உருமாற்றம் நடந்தது சுமார் 55 கோடி ஆண்டுகளுக்கு முன்.

இங்கே ஒரு பொறி இருக்கிறது. நீலகிரியின் பாறையும் பார்வைக்கு இதே கல்தான். ஆனால் அதன் உருமாற்றம் சுமார் 250 கோடி ஆண்டு பழையது. இரண்டு மலைக்கும் நடுவே பாலக்காடு–காவிரிப் பிளவு மண்டலம் ஓடுகிறது. நீலகிரியின் வயதைக் கொடைக்கானலுக்கு எழுதிவைக்கும் மாணவர் ஏடுகள் ஏராளம்.

டம்டம் பாறைக் காட்சிமுனையில் கட்டாயம் இறங்குங்கள், அரை மணி நேரம் ஒதுக்குங்கள். எதிரே தலையாறு அருவி, எலிவால் அருவி என்பதும் இதுவே, 297 மீட்டர் விழுகிறது. அருவியைவிட அதன் இருபுறமும் உள்ள சுவரைப் பாருங்கள். விளிம்பு முழுவதற்கும் பொதுவான மூன்று அடுக்கு அங்கே ஒரே பார்வையில் தெரியும்: மேலே மண்மூடிய உருண்ட பீடபூமி, நடுவே வெறும் பாறைச் சுவர், கீழே உடைந்த கற்கள் குவிந்து மரம் மூடிய சரிவு. இதைப் படமாக எடுக்காமல் கையால் வரையுங்கள், ஐந்து கோடு போதும். மறுநாள் விளிம்பின் மேல் நிற்கும்போது கால் எந்த அடுக்கில் இருக்கிறது என்று இந்தப் படம்தான் சொல்லும்.

அங்கிருந்து மேலே ஊத்து, பெருமாள்மலை, வெள்ளி நீர்வீழ்ச்சி வரை சாலையோர வெட்டுகளைக் கவனியுங்கள். சிவந்த மண்ணுக்குள் உருண்டைக் கற்கள் புதைந்திருக்கும். ஆற்றில் உருண்டு வந்தவை என்று பலர் எழுதிவிடுகிறார்கள். அவை அங்கேயே இருந்தவை. விரிசல்கள் பாறையைக் கட்டங்களாகப் பிரிக்கின்றன, தண்ணீர் கட்டத்தின் மூலைகளை முதலில் தின்கிறது, நடுக்கல் உருண்டையாக மிஞ்சுகிறது. உருண்டையைச் சுற்றி வெங்காயத் தோல்போல் அடுக்கு இருந்தால் சந்தேகமே வேண்டாம்.

5. கல்லை அடையாளம் காணுங்கள்

தகவல் பலகைகளும் வழிகாட்டிகளும் இதை கிரானைட் என்பார்கள். ஊர்க்காரர்களுக்குக் கருங்கல். பாறையியலில் இது சார்னோக்கைட்.

வெளித்தோலைப் பார்த்து முடிவு செய்யாதீர்கள். மழை வெயில் பட்ட மேற்பரப்பு பழுப்பாகவோ சாம்பல் வெள்ளையாகவோ இருக்கும், அதைப் பார்த்தால் யாரும் கிரானைட் என்றுதான் சொல்வார்கள். தானாக உடைந்து விழுந்த ஒரு துண்டின் புது முகத்தைத் தேடுங்கள். ஓரத்தில் சில மில்லிமீட்டருக்குப் பழுப்புத் தோல், உள்ளே திடீரென்று கருத்த பச்சை. வெயிலில் சாய்த்தால் எண்ணெய் தடவியதுபோல் மினுக்கும். கிரானைட்டில் வெள்ளையாகவோ இளஞ்சிவப்பாகவோ இருக்கும் ஃபெல்ஸ்பார் கனிமம் இதில் பச்சைப் பழுப்பாக இருப்பதால்தான் கல் முழுவதும் கருப்பாகத் தெரிகிறது. லென்ஸில் பார்த்தால் நீலச்சாயல் கொண்ட குவார்ட்ஸ், செம்பழுப்பாக மினுங்கும் கட்டைக் கட்டையான ஹைப்பர்ஸ்தீன் என்ற கனிமம், சில இடங்களில் மாதுளை முத்துபோலச் சிவந்த கார்னெட். ஹைப்பர்ஸ்தீன் இருந்தால் சார்னோக்கைட். கார்னெட் மட்டும் இருந்து ஹைப்பர்ஸ்தீன் இல்லையென்றால் பக்கத்தில் கலந்திருக்கும் வேறு உருமாறிய பாறையாக இருக்கலாம், குறித்துக்கொள்ளுங்கள்.

எச்சரிக்கை: சாலையோரம் கொட்டியிருக்கும் ஜல்லிக் குவியலில் அழகான புது முகங்கள் கிடைக்கும். அது லாரியில் ஏறி வந்த கல். எந்தக் குவாரியிலிருந்து வந்ததோ தெரியாது. அதை வைத்து இந்த மலையைப் பற்றி எதுவும் எழுதாதீர்கள்.

6. விரிசலை அளந்து பாருங்கள்

இரண்டாம் நாள் விடியலில் கோக்கர்ஸ் வாக் திறக்கும் நேரத்துக்கே போய்விடுங்கள். சமவெளி சூடேறியதும் பள்ளத்தாக்கிலிருந்து ஈரக்காற்று மேலே வரும். பத்து மணிக்கு மேல் சுவர் தெரியும் என்ற உத்தரவாதம் எந்த மாதத்திலும் கிடையாது. காலை வெயில் சுவரில் சாய்வாக விழும்போது விரிசல்கள் நிழல்கோடாக எழுந்து நிற்கும். அதே இடத்தில் மாலை வெயில் முதுகில் பட, எதிரே பனி நின்றால், உங்கள் நிழல் வானவில் வளையத்தோடு பனியில் விழுவதைக் காணலாம். அதற்காக மாலை ஒருமுறை திரும்பி வருவது வீண்போகாது.

பிறகு தூண் பாறை. வனத்துறை இடங்கள் காலை ஒன்பதுக்கு முன் திறக்காது என்று வைத்துத் திட்டமிடுங்கள். திறந்ததும் முதல் ஆளாக நுழையுங்கள்.

திசைகாட்டியை இரும்புத் தடுப்புக் கம்பியின் மேல் வைத்து அளப்பது இங்கே நடக்கும் மிகப் பெரிய பிழை. முள் இருபது முப்பது பாகை திரும்பிவிடும். கம்பியிலிருந்து இரண்டு மீட்டராவது தள்ளி நில்லுங்கள். பாறை மேலும் நேரடியாக வைக்க வேண்டாம், சார்னோக்கைட்டில் மாக்னடைட் என்ற காந்தக் கனிமத் துகள் உண்டு. இடுப்புயரத்தில் பிடித்து, விரிசலின் திசைக்குக் கண்ணால் இணையாக்கி அளங்கள். கைப்பேசித் திசைகாட்டியானால் ஒவ்வோர் இடத்திலும் எட்டுப்போல் சுழற்றிச் சரிசெய்த பிறகே வாசியுங்கள். இங்கே காந்த வடக்குக்கும் உண்மை வடக்குக்கும் வேறுபாடு மிகச் சிறிது, திருத்தம் தேவையில்லை.

ஓரிடத்தில் குறைந்தது இருபது விரிசல். ஒவ்வொன்றுக்கும் திசை, சாய்வு, அடுத்த விரிசலுக்கு உள்ள தூரம், உள்ளே மண்ணா, தண்ணீரா, வேரா. எழுதி முடித்ததும் திசைகள் இரண்டு மூன்று கூட்டமாகத் தாமே சேர்வதைக் காண்பீர்கள். நெட்டுக்குத்தான விரிசல்கள் நெருங்கி வரும் இடத்தில் பாறை நொறுங்கி ஓடையாகிறது, தள்ளித் தள்ளி வரும் இடத்தில் கல் தூணாக நிற்கிறது. தூண் பாறையில் மற்ற இடத்தைவிடக் கடினமான கல் எதுவும் இல்லை, விரிசல் இடைவெளி அகலம், அவ்வளவே. பக்கத்திலிருக்கும் குணா குகையும் குடைந்த குகை கிடையாது. தூண்களுக்கு நடுவே அகன்றுபோன விரிசல்கள்தான் அந்தப் பள்ளங்கள்.

தூணின் உயரத்தை நீங்களே கணக்கிடலாம். 400 அடி, அதாவது 122 மீட்டர் என்பார்கள். வரைபடத்தில் நீங்கள் நிற்கும் இடத்துக்கும் தூணுக்கும் உள்ள தூரத்தை எடுங்கள். சாய்மானியில் உச்சிக்கு ஒரு கோணம், அடிக்கு ஒரு கோணம். எடுத்துக்காட்டாகத் தூரம் 300 மீட்டர், உச்சி மேல்நோக்கி 8 பாகை, அடி கீழ்நோக்கி 14 பாகை என்றால்: 300 × 0.141 = 42; 300 × 0.249 = 75; கூட்டினால் 117 மீட்டர். அடி மரங்களில் மறைந்திருப்பதால் உங்கள் கணக்கு எப்போதும் குறைவாகத்தான் வரும். ஒரு பாகை தவறினால் ஐந்து மீட்டர் மாறும், ஆகவே மூன்று பேர் தனித்தனியே அளந்து சராசரி எடுங்கள்.

7. ஒரே விரிசலின் முன் அரை மணி நேரம்

மூன்றாம் நாள் காலை வட்டக்கானலிலிருந்து டால்பின் நோஸ் பாதையில் இறங்குங்கள். ஒன்றரை கி.மீ. அளவு, இறங்க அரை மணி, ஏற அதைப்போல் இரு மடங்கு. வேரும் சேறும் நிறைந்த பாதை, ரப்பர் செருப்பு வேண்டாம். பாதை ஓரத்தில் பாறைமுகம் கைக்கெட்டும் இடம் ஒன்றைத் தேர்ந்து உட்காருங்கள்.

விரிசலைவிட்டுத் தள்ளி, வெயில் காயும் வெற்றுக் கல்லில் சாம்பலும் மஞ்சளுமாக வண்ணம் பூசியதுபோல் ஒட்டிக்கிடப்பவை பாறைப்பூக்கள் (லைக்கன்). நகத்தால் சுரண்டினாலும் வராது. அவற்றின் இடையே ஓரம் மடங்கி இலைபோல் விரிந்தது அகப்பட்டால், அது நம் மளிகைக் கடைக் கல்பாசியின் உறவு. விரிசலை நோக்கி நகர்ந்தால் பாசித் திட்டுகள். விரலால் அழுத்தினால் பஞ்சுபோல் தண்ணீர் விடும், அடியில் கருப்பாக ஒரு சிட்டிகை மண். அந்தச் சிட்டிகை மண்ணில்தான் பெரணி. கோடையில் சுருண்டு செத்ததுபோல் கிடந்து முதல் மழையில் விரிந்துகொள்ளும் வகைகளைப் பிடுங்கிப் பார்த்துவிடாதீர்கள். விரல் நுழையும் அகலம் வந்ததும் புல், காட்டுக் காசித்தும்பை, ஆர்க்கிட். கை நுழையும் அகலத்தில் புதர். கசிவு இறங்கும் கோடு முழுவதும் கருப்பாகத் தெரிவது அழுக்கல்ல, ஈரத்தில் வாழும் நுண்பாசிகள். பிப்ரவரியிலும் அந்தக் கோடு ஈரமாக இருந்தால் மேலே சோலைக்காடோ சதுப்போ தண்ணீரைத் தேக்கி விடுகிறது என்று பொருள். சார்னோக்கைட் தானாக நீர் ஊறும் கல் அல்ல, தண்ணீர் முழுவதும் விரிசல் வழியேதான் வருகிறது.

மெல்லிய மண்ணில் நீர் தேங்கும் பாறைத்தட்டுகளில் மழைக்காலத்தில் குனிந்து பாருங்கள். கைவிரல் நகத்தளவு சிவந்த இலையில் பிசின் துளிகளோடு அழுகண்ணி இருக்கும். சத்தில்லாத மண்ணில் பூச்சியைப் பிடித்து ஈடுகட்டும் செடி. படம் எடுக்க உட்காரும்போது முழங்காலை எங்கே வைக்கிறோம் என்று பார்த்து வையுங்கள். ஒரு முழங்கால் அந்தத் தட்டின் பாதியை அழித்துவிடும்.

8. சோலை, புல், சீகை

விளிம்பின் மேல் சோலை எங்கே நிற்கிறது என்று வரைபடத்தில் குறியுங்கள். ஓடை மடிப்புகளில், மண் ஆழமாகவும் ஈரம் நிலையாகவும் இருக்கும் இடங்களில் நிற்கும். வெளித்தள்ளிய முகடுகளில் இயல்பாக இருந்தது புல். இன்று அங்கே நிற்பது பெரும்பாலும் சீகை மரம் (வாட்டில்), யூகலிப்டஸ், பைன். நட்டுவைத்தவையும் தானாகப் பரவியவையும். தூரத்திலிருந்து எல்லாம் பச்சைதான். பைனாகுலரில் சோலையின் கூரை பல நிறத்தில், காலிஃபிளவர்போல் புடைத்திருக்கும். துளிர்க்காலத்தில் செம்பும் மஞ்சளும் கலக்கும். சீகை ஒரே சாம்பல் பச்சை.

சீகை விதை மண்ணில் பல பத்தாண்டு உயிரோடு கிடக்கும், தீ பட்டால் கொத்தாக முளைக்கும். மரத்தை வெட்டிவிட்டால் புல் வந்துவிடும் என்று எண்ணுவது தவறு. பாறை விளிம்பில் அதன் வேர் விரிசலுக்குள் ஆப்புபோல் பருத்து, காற்றில் மரம் சாயும்போது கல்லையும் சேர்த்துப் பெயர்க்கிறது.

வட்டக்கானல் சோலை ஓரத்தில் காலை ஆறரைக்கு நின்றால் பழனிச் சிரிப்பான் பறவைக் கூட்டத்தின் குரல் கேட்கும். முள்பழப் புதர்களில் தேடுங்கள். செங்குத்துப் பக்கம் வயிறு வெளுத்த பெரிய உழவாரன் பறவைகள் காற்றைக் கிழித்துப் போகும் சத்தம் காதுக்கருகே வரும். வரையாட்டை எதிர்பார்த்து ஏமாறாதீர்கள். 2024 கணக்கெடுப்பில் தமிழ்நாடு முழுவதற்கும் 1,031தான். பழனி மலையில் அது இருப்பது கூட்டம் எட்டாத மேற்குச் செங்குத்துகளில்.

மூடுபனி மூடிய மதியங்களை அறையில் கழிக்காமல் செண்பகனூர் இயற்கை அருங்காட்சியகத்துக்குப் போங்கள். காலையில் பெயர் தெரியாமல் வரைந்துவந்த செடிக்கும் பறவைக்கும் அங்கே பெயர் கிடைக்கும். விடுமுறை நாளைத் தங்குமிடத்தில் விசாரித்துக்கொள்ளுங்கள்.

9. விளிம்பில் நிற்கும் முறை

டால்பின் நோஸ் முனையில் கவனமாக நில்லுங்கள். நுனியிலிருந்து மூன்று மீட்டருக்குள் போகத் தேவையே இல்லை, உங்களுக்கு வேண்டிய விரிசல் எல்லாம் பின்னாலேயே இருக்கிறது. காய்ந்த பாறைப்பூ பிடிமானம் தரும். அதே பாறைப்பூ பனியில் நனைந்தால் சோப்பு. நுனிக்கு இணையாக ஓடும், புல் முளைத்த விரிசலைக் கண்டால் அதன் வெளிப்பக்கம் காலே வைக்காதீர்கள். அடுத்து விழப்போகும் பலகை அதுதான். நாளையா நூறாண்டு கழித்தா என்று யாராலும் சொல்ல முடியாது.

தேனடை தெரிந்தால் புகை, வாசனைத் திரவியம், கூச்சல் கூடாது. கிளம்பிவிட்டால் கையை வீசாமல் முகத்தை மூடிக்கொண்டு சோலைக்குள் ஓடுங்கள், விளிம்புப் பக்கம் ஓடாதீர்கள். காட்டெருமை ஊருக்குள்ளேயே மேயும். சாதுவாகத் தெரிந்தாலும் ஐம்பது மீட்டர் விடுங்கள், கன்றுக்கும் தாய்க்கும் நடுவே போகாதீர்கள்.

10. செலவும் நேரமும்

இ-பாஸும் வரைபடங்களும் இலவசம். காட்சிமுனைச் சீட்டுகள் சிறு தொகைதான், சில்லறையாக வைத்திருங்கள். பெரிய செலவு இரண்டே: அறை, டாக்சி. அறை வாடகை ஏப்ரல், மே மாதங்களிலும் தொடர் விடுமுறையிலும் ஏறும். ஜனவரியில் பொங்கல் வாரத்தைத் தவிர்த்து, செவ்வாய் முதல் வியாழன் வரை வந்தால் பேசிக் குறைக்கலாம்.

டாக்சி பேசும்போது ‘சைட் சீயிங்’ என்ற சொல்லையே எடுக்காதீர்கள். அந்தக் கட்டணத்தில் பத்துப் பன்னிரண்டு இடம், ஓரிடத்துக்கு இருபது நிமிடம், ஓட்டுநர் ஹாரன் அடிப்பார். “அண்ணே, ரெண்டே இடம்தான், தூண் பாறையில ரெண்டு மணி நேரம் நிக்கணும், மணிக் கணக்குல சொல்லுங்க” என்று முதலிலேயே பேசி முடியுங்கள். கோக்கர்ஸ் வாக்குக்குப் பேருந்து நிலையத்திலிருந்து நடந்தே போகலாம். நான்கு பேர் சேர்ந்தால் டாக்சி செலவு கால்வாசியாகும், அளவெடுக்கவும் நான்கு பேர்தான் வசதி: ஒருவர் அளக்க, ஒருவர் எழுத, ஒருவர் படம் எடுக்க, ஒருவர் விளிம்பில் நிற்பவர்களைக் கவனிக்க.

முதல் நாள் மதியம் ஒரு மணிக்குள் வத்தலக்குண்டைத் தாண்டிவிடுங்கள், டம்டம் பாறையில் வெளிச்சம் இருக்கும்போது நிற்கலாம். மூன்றாம் நாள் டால்பின் நோஸிலிருந்து பதினொன்றுக்குள் ஏறிவிட்டால் இரண்டு மணிப் பேருந்துக்கு நிதானமாகச் சாப்பிட்டுவிட்டு வரலாம். கிளம்புமுன் காலுறையைக் கழற்றி அட்டை இருக்கிறதா என்று பாருங்கள், பையின் அடியையும் ஒருமுறை தட்டிவிடுங்கள்.